ஈயம் தைத்த சட்டை

தராசின் முள் இருபத்திரண்டைத் தாண்டி ஒரு கோடு தள்ளி நடுங்கி நின்றது. கமருஸ்ஸமான் குனிந்து பார்த்து இங்கிலீஷில் எண்ணைச் சொன்னான். டாக்டரம்மா நோட்டில் எழுதிக்கொண்டார். தட்டில் உட்கார்ந்திருந்த சரோஜா அழவில்லை. அம்மாவின் சுண்டுவிரலை மட்டும் பிடித்துக்கொண்டிருந்தாள். மற்றப் பிள்ளைகள் அந்தத் தட்டைக் கண்டதுமே ஆயாக்கொட்டகையின் தகரக் கூரை அதிரும்படி கத்தின. இரண்டு வயது நிறையப் போகும் இவள் மட்டும் வைத்த இடத்தில் வைத்தபடி இருந்தாள். தேயிலைத் தோட்டத்துப் பிள்ளைகளைப் பகலெல்லாம் அங்கே பார்த்துக்கொள்ளும் ஆயாவான மணியம்மா, தன் மகளும் ஒரு தடவை கத்தமாட்டாளா என்று பார்த்துக்கொண்டு நின்றாள்.

"மூணு மாசத்துல கால் ராத்தல் ஏறியிருக்குக்கா" என்று சிரித்தான் கமருஸ்ஸமான்.

மணியம்மா தலையை ஆட்டினாள். அந்தக் கால் ராத்தல் எங்கிருந்து ஏறியது என்று அவளுக்குத் தெரியும். முந்தின நாள் மத்தியானம் அவளே தைத்து ஏற்றியது அது. மகளைத் தூக்கி இடுப்பில் வைத்தபோது சாம்பல் நிறக் கம்பளிச் சட்டையின் கீழ்மடிப்பு அவள் விலாவில் கட்டை போல இடித்தது.

கமருஸ்ஸமான் தானா ராத்தா டவுனில் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கும் சேக் தாவூதின் மகன். சீனியர் கேம்பிரிட்ஜ் பாஸ் செய்துவிட்டு சர்க்கார் சுகாதார ஆபீசில் கிராணியாக எழுத்து வேலை பார்த்தான். தோட்டம் தோட்டமாகப் போய்ப் பிள்ளைகளை நிறுத்துப் பார்க்கும் டாக்டரம்மாவுக்குத் தமிழ் தெரியாது. அதனால் அவன் கூடவே வந்தான். ஜீப்பில் துப்பாக்கியோடு மூன்று போலீஸ்காரர்கள் வந்தார்கள். தோட்டத்துக் கேட்டைக் காக்கும் போலீஸ் சார்ஜனும் வந்து வாசல் படியில் உட்கார்ந்துகொள்வார். ஜப்பான்காரன் போய் ஆறு வருஷம், வெள்ளைக்காரன் மலாய் நாட்டில் எமர்ஜென்சி போட்டு மூன்று வருஷம். துப்பாக்கித் துணை இல்லாமல் அந்த மலை ரோட்டில் எந்த சர்க்கார் வண்டியும் ஏறாத காலம்.

முப்பத்தொரு பிள்ளைகளையும் நிறுத்து முடித்த பிறகு டாக்டரம்மா நோட்டைப் புரட்டிப் பார்த்தார். களைத்த முகத்தில் சின்னச் சிரிப்பு வந்தது. கமருஸ்ஸமானிடம் நிறையப் பேசினார். அவன் சுவரோரம் பிள்ளைகளோடு உட்கார்ந்திருந்த பெண்கள் பக்கம் திரும்பினான்.

"அம்மாமாருங்களே, டாக்டரம்மாவுக்கு ரொம்ப சந்தோசம். பதினோரு தோட்டம் பாத்துட்டாங்களாம். இந்தத் தோட்டத்துப் புள்ளைங்கதான் எடையா இருக்குதுங்களாம். இதே மாதிரி வளத்துட்டு வாங்கங்கறாங்க."

"நம்மள யாரு, சும்மாவா" என்றாள் மூக்காயி. கைக்குழந்தைக்குப் பால் கொடுத்துக்கொண்டே பேசினாள். "துரை மவனுக்கும் நம்ம மவனுக்கும் சண்டை வுட்டா நம்ம மவந்தான்லா ஜெயிப்பான்."

பெண்கள் சிரித்தார்கள். அவனும் சிரித்தான்.

"அதனால பால் இங்க வேண்டியிருக்காதுன்னு சொல்றாங்க. ரிங்லெட் பக்கம் ரெண்டு தோட்டத்துல புள்ளைங்க ரொம்ப மோசமா இருக்காம். அங்க அனுப்பச் சொல்லி எழுதப் போறாங்க."

சிரிப்பு அறுந்தது. "என்ன பால்?" என்று கேட்டாள் மணியம்மா.

அவன் அவளை விநோதமாகப் பார்த்தான். "இந்த நிறுவை எதுக்குன்னு உங்களுக்குச் சொல்லலையா? தோட்டத்துப் புள்ளைங்களுக்கு சாப்பாடு பத்துதா, ரேசன் சட்டத்தால புள்ளைங்க இளைக்குதான்னு சர்க்காருக்கு டாக்டரம்மா எழுதிக் குடுக்கணும். மூணு மாசத்துக்கு ஒருக்கா, மூணு தடவ நிறுக்கணும். எடை கம்மியா இருக்கற தோட்டத்துக்குத் தினமும் காலையில பால், ஆயாக்கொட்டகையிலயே காச்சி ஊத்த. புள்ளைங்க பேருக்கு அரிசியும் கூட. இதுக்குத்தானேக்கா இவ்ளோ தூரம் வர்றோம்."

 மூக்காயியின் குழந்தை மார்பை விட்டுவிட்டுச் சிணுங்கியது. டாக்டரம்மா ஒவ்வொரு முகமாகப் பார்த்து, தன் நல்ல செய்தி ஏன் யாரையும் எட்டவில்லை என்று புரியாமல், தராசை அதன் பெட்டிக்குள் வைக்க ஆரம்பித்தார்.

நடந்தது இதுதான். மூன்று மாதங்களுக்கு முன்னால் ஒரு விடியற்காலை, பெரட்டுக் களத்தில் ஆள் கணக்கு எடுத்து முடித்ததும் பெரிய கிராணி ஒரு காகிதத்தைப் படித்தார். "சர்க்கார் உத்தரவு. அடுத்த வாரம் ஐந்து வயதுக்கு உட்பட்ட பிள்ளைகள் எல்லாரையும் நிறுத்துப் பார்க்க வருகிறார்கள். ஒரு பிள்ளை விடாமல் கொண்டுவர வேண்டும்." அவ்வளவுதான். காகிதத்தில் இன்னும் நாலைந்து வரிகள் இருந்திருக்கலாம். பனியில் அவருக்கு மூக்கு ஒழுகியது. மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். அவருக்குப் பக்கத்தில் கேட்டுக் காவலின் சார்ஜன் நின்றுகொண்டிருந்தார். அதே சார்ஜன்தான் அதற்கு நாலு நாள் முன்னால் கேட்டில் இருளப்பனின் பெண்சாதியைத் தடுத்து நிறுத்தி, அவள் இடுப்பில் இருந்த பிள்ளையின் கையைத் தூக்கிப் பிடித்து, தெரிந்த தமிழில் கேட்டவர்: "கார்டுல அரிசி வாங்கு. பிள்ளை குச்சி. அரிசி எங்கே போச்சு? காட்டுக்கா?" இருளப்பனை அன்று சாயங்காலமே லோரியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். அவன் திரும்பி வரவில்லை. ஒரு வாரம் கழித்து அவன் பெண்சாதி பிள்ளையோடு வேறெங்கோ போய்விட்டாள்.

காட்டில் ஒளிந்திருந்து வெள்ளைக்காரனோடு சண்டை போடுகிறவர்களுக்கு அரிசி போகக் கூடாது என்பதுதான் அப்போதைய சட்டங்களுக்கெல்லாம் சட்டம். தோட்டத்து ஆட்கள் குடியிருக்கும் லயத்தைச் சுற்றி முள்கம்பி. ஒரே ஒரு கேட். கொழுந்து பறிக்கப் போகிற பெண்களின் கூடையைக் கவிழ்த்து, முந்தானையை உதறச் சொல்லி, வெறும் தண்ணீர்ப் போத்தலோடுதான் மலைக்கு விட்டார்கள். ஒரு கவளம் சோறு வெளியே போகக் கூடாது. டவுனில் பால் டின் வாங்கினால் கடைக்காரரே அதில் ஆணியால் ஓட்டை போட்டுத்தான் கொடுக்க வேண்டும். காட்டுக்குக் கொண்டுபோய் வைத்துக்கொள்ள முடியாதபடி. ஓட்டை போட்ட பால் இரண்டு நாளில் கெட்டுவிடும். எறும்பு மொய்த்த டின்னைத் துணியால் வடிகட்டி மணியம்மாவும் மூன்றாம் நாள்வரை ஊற்றிப் பார்த்திருக்கிறாள்.

இதையெல்லாம்விடப் பிள்ளைகளைத் தின்றது அந்தக் கேட்தான். முள்கம்பி வருவதற்கு முன் பால் கொடுக்கும் தாய்மார் பத்து மணிக்கு மலையிலிருந்து இறங்கி ஆயாக்கொட்டகைக்கு வந்து போவார்கள். மார்ச்சட்டை நனைந்திருக்க, கூடையை வாசலில் போட்டுவிட்டு ஓடி வருவார்கள். எந்தத் துரையும் அதைத் தடுத்ததில்லை. இப்போது காலை ஆறு மணிக்குத் திறந்து மூடினால் மூன்று மணிக்குத்தான் கேட். இடையில் பத்து மணி ஆகும்போது தூளிகளுக்குள் பிள்ளைகள் தாமாகவே விழித்து அழும். மணியம்மா கஞ்சித் தண்ணியைச் சங்கில் ஊற்றிக்கொண்டு ஒவ்வொரு தூளியாகப் போவாள். மேலே மலையில் அதே நேரத்தில் பால் கொடுக்கும் பெண்களுக்கு மார்பு கட்டிக்கொண்டு வலிக்கும். கொஞ்ச மாதங்களில் அந்த வலியும் நின்று போயிற்று. பலருக்குப் பாலும் நின்று போயிற்று.

ஆகவே பெரட்டுக் களத்தில் அந்த உத்தரவைக் கேட்டபோது லயத்துக்கு வேறு எந்த அர்த்தமும் தோன்றவில்லை. பிள்ளையை நிறுக்கப் போகிறார்கள். குச்சியாக இருந்தால் அரிசி எங்கே என்று கேட்கப் போகிறார்கள். அப்பனைப் பிடித்துக்கொண்டு போகப் போகிறார்கள்.

யோசனை மூக்காயியுடையதுதான். குழாயடியில் வெறும் வேடிக்கையாகச் சொன்னாள்: "இடுப்புல ஆளுக்கொரு படிக்கல்லக் கட்டி உடு மணியம்மா." வேடிக்கை அன்று முழுவதும் மணியம்மாவுக்குள் சுற்றிச் சுற்றி வந்தது. தோட்டம் வருஷா வருஷம் கொடுக்கும் சாம்பல் கம்பளித் துணியில் பிள்ளைகளுக்குச் சட்டை தைப்பது ஆயா வேலையில் ஒன்று. முப்பத்தொரு சட்டையும் அவள் கையால்தான் தைத்தாக வேண்டும். அவள் புருஷன் தங்கராஜு தேயிலை பேக்டரியில் பெட்டி அடைக்கிறவன். தேயிலை நமுத்துப் போகாமலிருக்கப் பெட்டிக்குள் ஈயத்தாள் விரித்து ஒட்டுவார்கள். சண்டைக்கு முன்பு வந்த பழைய பெட்டிகளின் ஈயத்தாள், தடியான உருப்படி, பேக்டரிப் பின்கட்டில் சுருட்டிக் கிடந்தது. உள்ளங்கை அகலமே கைக்குக் கனமாக இருக்கும்.

தங்கராஜு அதைத் தலைப்பாகைத் துணிக்குள்ளும் விறகுக் கட்டுக்குள்ளும் மடித்து மடித்து, ஒரு வாரம் தினமும் கொண்டு வந்தான். ஞாயிற்றுக்கிழமை பகலில் கதவைச் சாத்திக்கொண்டு இருவரும் உட்கார்ந்தார்கள். அவன் கட்டைவிரலால் தாளை நீவி நீவிப் பட்டையாக்கிக் கொடுத்தான். அவள் கீழ்மடிப்பில் வைத்துத் தைத்தாள். கல்யாணமாகி நாலு வருஷத்தில் பகல் வேளையில் இப்படி முழங்கால் தட்ட உட்கார்ந்தது அன்றுதான். "நம்ம ரெண்டு பேரும் சேந்து பாக்கற மொத வேலையே திருட்டு வேலையா அமைஞ்சு போச்சு" என்று அவன் சொல்லி, அவள் ஊசியோடு அவன் கையைக் குத்தப் போய், இருவரும் சத்தம் வராமல் சிரித்தார்கள். சரோஜா அப்போது தவழ்ந்து வந்து ஈயத்தாளின் பளபளப்பைப் பிடித்து இழுத்தாள். அப்போது அவள் தவழ்ந்தாள்.

டாக்டரம்மா முதல் தடவை வந்தபோது பிள்ளைகளைத் துணியில்லாமல் நிறுக்கத்தான் சொன்னார். பெண்கள் பதறிப்போய், குளிருக்குச் செத்துவிடும் என்று கெஞ்சினார்கள். சன்னல் வழியே மேகமே உள்ளே வந்துகொண்டிருந்தது. டாக்டரம்மா இரங்கி, எல்லாருக்கும் ஒரே மாதிரிச் சட்டைதானே, ஒரு சட்டையை நிறுத்துக் கழித்துக்கொள்ளலாம் என்றார். மணியம்மா ஈயம் வைக்காத சட்டை ஒன்றை எடுத்துக் கொடுத்தாள்.  அன்று அவளைப் பற்றி அவளுக்கே கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. யார் வீட்டிலும் யாரையும் லோரியில் ஏற்றவில்லை.

அந்தப் பெருமைதான் இப்போது பாலைத் திருப்பி அனுப்பியிருந்தது.

இரண்டாம் நிறுவை முடிந்த மூன்றாம் வாரத்தில் மூக்காயியின் கைக்குழந்தை செத்துப்போனது. காய்ச்சல் இரண்டு நாள்தான். தானா ராத்தா ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகப் பாஸ் எழுதிக் கையெழுத்து வாங்கி வருவதற்குள் தூளி அசைவற்றுப் போயிருந்தது. அடக்கத்துக்குக் கேட்டைத் திறந்துவிட்டார்கள். சின்னையா கங்காணி முன்னால் நடக்க, எட்டுப் பேர் போய் வந்தார்கள். மறுநாள் காலையில் மூக்காயி ஆயாக்கொட்டகை வாசலில் வந்து நின்றாள். கையில் அந்தச் சிறிய சட்டை இருந்தது.

"இந்தா. வேற புள்ளைக்கு ஆவும்."

மணியம்மா வாங்கிக்கொண்டாள். குழந்தையின் எடையில் பாதி அந்தச் சட்டைக்கு இருக்கும் போலிருந்தது.

"ஒரு நா பொழுது, அந்த நிறுவை நாளு, பத்து மணிக்கு கேட்டத் தொறந்து உட்டானுவளே" என்றாள் மூக்காயி. "அன்னிக்கு நல்லா குடிச்சுது. நீ பாத்தயில்ல?"

"பாத்தேன்க்கா."

"நான் பாட்டுக்கு வாயாடிட்டு உக்காந்திருந்தேன்."

அதற்குப் பிறகு மூக்காயி குழாயடியில் யாரையும் கிண்டல் செய்யவில்லை. குடத்தை வைப்பாள், நிறைந்ததும் எடுத்துக்கொண்டு போவாள். மூத்தவன், நாலு வயசுக்காரன், சேலையைப் பிடித்துக்கொண்டு பின்னாலேயே போவான்.

சரோஜாவுக்குப் புறங்கால்கள் வீங்க ஆரம்பித்தன. விரலால் அழுத்தினால் பள்ளம் விழுந்து மெதுவாக ஏறியது. தலைமுடி செம்பட்டையாகிக் கொத்துக் கொத்தாகக் கையோடு வந்தது. அப்பன் தோளில் ஏறி அவன் முடியைப் பிடித்து இழுத்து ஹை ஹை என்று ஓட்டுகிற பிள்ளை, இப்போது தோளில் தூக்கி வைத்தால் அவன் தலைமேல் கன்னத்தைச் சாய்த்துப் படுத்துக்கொண்டது. தங்கராஜு தன் பங்குச் சோற்றில் பாதியை அவளுக்குப் பிசைந்து வைத்தான். இரண்டு வாய்க்கு மேல் அவள் வாங்கவில்லை. "பசிக்கல போலருக்கு" என்று அவன் தட்டைப் பார்த்துச் சொன்னான். இருவருக்குமே தெரியும் அது பசி இல்லாமை இல்லை என்று.

மூன்றாம் நிறுவைக்கு இரண்டு நாள் இருந்தபோது, சாயங்காலம் அவன் லயத்துப் பின்னால் விறகு பிளந்துகொண்டிருந்தான். மணியம்மா சரோஜாவை மடியில் வைத்துக்கொண்டு பின்வாசல் படியில் உட்கார்ந்தாள்.

"நாளன்னிக்கு சட்டையக் கழட்டிட்டு வைக்கலாம்னு இருக்கேன்."

கோடாரி கட்டையில் இறங்கி அப்படியே நின்றது.

"ஈயத்தப் பிரிச்சு எடுத்துட்டு வெறும் சட்டையா போட்டு வையேன்" என்றான்.

"வச்சா? போன தடவ இருபத்திரண்டே கால். இந்தத் தடவ ஈயத்தக் கழிச்சா பதினெட்டுதான் நிக்கும். மூணு மாசத்துல நாலு ராத்தல் எங்க போச்சும்பான். சார்ஜன் வாசல்லயே உக்காந்திருக்கான். இருளப்பன் கதைதான். முப்பது வீட்டுக்கும் இருளப்பன் கதை."

"சட்டையக் காட்டுனா?"

 அதற்குப் பதில் அவனுக்கே தெரியும். ஈயம் பேக்டரியிலிருந்து வந்தது. அது திருட்டு மட்டும் என்றால் வேலை போகும், அதோடு முடியும். ஆனால் ஈயம் என்பது குண்டு வார்க்கிற சாமான். கம்பிவேலிக்குள் முப்பது சட்டையில் ஒளித்து வைத்த ஈயத்தைப் பார்க்கிற எந்தப் போலீஸ்காரனும் அது பிள்ளையைக் குண்டாகக் காட்ட வைத்தது என்று நம்பப் போவதில்லை. தடுப்புக் கேம்பில் போடுவார்கள். இல்லாவிட்டால் கப்பலில் ஏற்றி, அவன் ஒருநாளும் பார்த்திராத இந்தியாவுக்கு அனுப்பிவிடுவார்கள்.

"சும்மா இருந்துட்டா?" என்றான்.

"சும்மா இருந்தா நம்ம புள்ளைங்கதான் எடையான புள்ளைங்க. பால் ரிங்லெட்டுக்குப் போவும்."

அவன் கோடாரியைப் பிடுங்கிச் சுவரில் சாய்த்தான். வந்து அவள் எதிரில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, மகளின் பாதத்தைக் கையில் எடுத்து, கட்டைவிரலால் மெதுவாக அழுத்தினான். ஈயத்தாளை நீவிய அதே கட்டைவிரல். பள்ளம் விழுந்தது. அது ஏறும்வரை இருவரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வெகுநேரம் ஆயிற்று.

"யாரு கொண்டாந்து குடுத்தான்னு கேட்டா எம் பேரச் சொல்லிடு" என்றான். "நீயா ஒண்ணு சொல்லி நடுவுல பூந்துக்காத. புரியுதா? புள்ளைக்கு ஒருத்தராவது வேணும்."

"இப்படிப் பேசுனா நான் கழட்டவே மாட்டேன்."

"கழட்டு" என்றான். அவள் தலையில் ஒட்டியிருந்த விறகுத் தூசியை ஒவ்வொன்றாக எடுத்துப் போட்டான். "கழட்டு மணி."

நிறுவை நாளன்று விடிந்து வெகுநேரமாகியும் பனி விலகவில்லை. ஜீப்பின் சத்தம் முதலில் வந்தது, வண்டி பிறகுதான் தெரிந்தது. பத்து மணிக்கு கேட் திறக்க, தாய்மார்கள் மலையிலிருந்து இறங்கி வந்தார்கள். அவர்களிடம் மணியம்மா எதுவும் சொல்லியிருக்கவில்லை. சொன்னால் ஒருத்தியாவது காலில் விழுந்து தடுத்திருப்பாள். மணியம்மாவுக்கு எதிர்த்துச் சொல்ல வாய் இருக்காது. தன் பிள்ளையின் சட்டையை மட்டும்தான் அவள் கழற்றலாம். ஆனால் ஒரு சட்டையின் மடிப்பு பிரிந்தால் முப்பதும் பிரியும் என்பதும் அவளுக்குத் தெரியும். தூக்கம் போனது அதனால்தான்.

சார்ஜன் வழக்கம்போல வாசல் படியில் உட்கார்ந்து துப்பாக்கியை முழங்காலில் குறுக்காக வைத்துக்கொண்டார். டாக்டரம்மா மேஜையில் தராசை வைத்து, முள்ளைச் சுழியில் நிறுத்தினார். கமருஸ்ஸமான் நோட்டைப் பிரித்தான்.

"அப்பறம் மணியம்மாக்கா, மொதல்ல யாரு?"

"எம் பொண்ணு."

அவள் சரோஜாவைத் தட்டுக்குப் பக்கத்தில் மேஜைமேல் உட்கார வைத்தாள். கழுத்துப் பின்னால் இருந்த நாடாவை அவிழ்த்தாள். இரண்டாவது நாடாவையும் அவிழ்த்தாள். பின்னால் பெண்களின் பேச்சு நின்றது.

"குளிருமேக்கா. சட்டை இருக்கட்டும்னு டாக்டரம்மா சொல்றாங்க."

"வேணாம் தம்பி."

சட்டையை உருவி மேஜையின்மேல் வைத்தாள். மெதுவாகத்தான் வைத்தாள். ஆனாலும் டாக்டரம்மாவின் பென்சில் ஒரு தடவை துள்ளி உருண்டது. சரோஜாவைத் தூக்கித் தட்டில் வைத்தாள். வெற்று முதுகில் முதுகெலும்பு ஒவ்வொன்றாக எண்ணும்படி இருந்தது. வயிறு மட்டும் முன்னால் தள்ளியிருந்தது. பிள்ளை நடுங்கியபடி அம்மாவின் சுண்டுவிரலைத் தேடிப் பிடித்தது.

முள் பதினெட்டில் நின்றது.

டாக்டரம்மா தராசைத் தட்டிப் பார்த்தார். பிள்ளையை எடுக்கச் சொல்லி முள் சுழிக்கு வருகிறதா என்று பார்த்தார். திரும்ப வைக்கச் சொன்னார். பதினெட்டு. கமருஸ்ஸமான் நோட்டில் பழைய எண்ணின்மேல் விரலை வைத்திருந்தான்.

"என்னக்கா இது? புள்ளைக்கு என்ன ஆச்சு?" என்றான் தாழ்ந்த குரலில்.

"அந்தச் சட்டையத் தூக்கிப் பாருங்க தம்பி."

அவன் ஒரு கையால் எடுத்தான். கை தாழ்ந்தது. இன்னொரு கையையும் கொடுத்துத் தூக்கினான். கீழ்மடிப்பில் விரல்கள் ஊர்ந்தன. ஒரு முனையில் தையல் விட்டிருந்த இடத்தில் நின்றன. அவன் முகம் வெளுத்ததை மணியம்மா பார்த்தாள். இவனும் பயந்து வளர்ந்த வீட்டுப் பிள்ளைதான். போன வருஷம் ஓட்டை போடாத மத்தி டின் இரண்டு இருந்ததென்று சேக் தாவூதின் கடையை ஒரு மாதம் பூட்டி வைத்திருந்தார்கள் என்று லயத்தில் பேசிக்கொண்டார்கள்.

"எல்லாத்துலயுமா?" என்றான்.

"எல்லாத்துலயும். குச்சியா இருந்தா அரிசி காட்டுக்குப் போகுதும்பாங்கன்னு வச்சோம். பால்னு எங்களுக்கு யாரு சொன்னா?" வாசலில் கேட்காதபடி அவள் குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.  "கேட்டு மூணு மணிவரைக்கும் சாத்தியிருக்கு தம்பி. பால் குடுக்கற பொம்பளைங்க மேல நிக்கிறாங்க, புள்ளைங்க இங்க கெடக்குது. அதையும் எழுதச் சொல்லுங்க. தச்சது நானு. என் ஒருத்தி வேல."

"அப்பா ஹால்?" என்று வாசலிலிருந்து சார்ஜன் மலாயில் கேட்டார். என்ன விஷயம் என்று.

கமருஸ்ஸமான் திரும்பிப் பார்க்கவில்லை. பிள்ளைக்கு உடம்பு சரியில்லை என்று மலாயில் சொன்னான். சொல்லிக்கொண்டே அந்தச் சட்டையை, எந்தப் பிள்ளையின் சட்டையையும் எடுத்து வைப்பது போல, தூளிகளுக்குப் பக்கத்துச் சுவரில் இருந்த ஆணியில் மாட்டினான். பிறகு டாக்டரம்மாவின் பக்கம் குனிந்து இங்கிலீஷில் பேசினான். நீளமாகப் பேசினான். மணியம்மாவுக்கு ஒரு சொல்லும் புரியவில்லை. அவள் டாக்டரம்மாவின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பாதிப் பேச்சில் அந்த முகம் சிவந்தது. கோபம் என்று நினைத்தாள். பிறகு டாக்டரம்மா நோட்டை முதல் பக்கத்திலிருந்து புரட்டினார். முப்பத்தொரு பேர், இரண்டு தடவை. மூக்காயியின் கைக்குழந்தையின் பேருக்கு நேரே வந்ததும் தலையை நிமிர்த்திப் பெண்களிடையே யாரையோ தேடினார். சன்னல் வழியாகக் கேட்டைப் பார்த்தார். கேட் பனிக்குள் பாதி தெரிந்தது.

பென்சிலைக் கீழே வைத்துவிட்டு, தாழ்ந்த குரலில் ஒரே ஒரு வரி சொன்னார்.

கமருஸ்ஸமான் பெண்கள் பக்கம் திரும்பினான். "எல்லாப் புள்ளைங்களுக்கும் சட்டையக் கழட்டச் சொல்றாங்க."

யாரும் அசையவில்லை. கந்தனின் பெண்சாதி தன் பிள்ளையின் சட்டை நாடாவை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டு, "படுபாவி, எல்லார் வூட்லயும் மண்ண வாரிப் போட்டுட்டியேடி" என்று பல்லுக்குள் சொன்னாள். மணியம்மா திரும்பவில்லை. சரோஜாவைத் தன் முந்தானைக்குள் சுற்றி நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள். கீழே பேக்டரியில் காற்றாடிகள் ஒரே சீராக இரைந்துகொண்டிருந்தன. தங்கராஜு இப்போது பெட்டி அடைத்துக்கொண்டிருப்பான். ஜீப் கீழ்நோக்கி வருகிறதா என்று காதைக் கொடுத்துக்கொண்டு.

சுவரோரத்திலிருந்து மூக்காயி எழுந்தாள். நாலு வயசு மகனை முன்னால் நிறுத்தி, நாடாவை அவிழ்த்து, சட்டையை உருவினாள். கொண்டுபோய் இரண்டாவது ஆணியில் மாட்டினாள். ஆணி கொஞ்சம் வளைந்தது. அவள் அதைப் பார்த்தாள், மகனைத் தூக்கிக்கொண்டு தராசுக்கு முன்னால் வந்து நின்றாள்.

அதற்குப் பிறகு ஒருத்தி. இன்னொருத்தி. கந்தனின் பெண்சாதி கடைசியாக, அழுதுகொண்டே. கமருஸ்ஸமான் எண்களைச் சொல்ல, டாக்டரம்மா எழுதினார்: பதினாறு, பத்தொன்பது, பதினேழரை. சட்டைகள் ஆணிகளில் வரிசையாக ஏறின.

பதினொரு மணிக்குப் பனி கலைந்து மலையிலிருந்து காற்று இறங்கியது. ஆயாக்கொட்டகையின் இரண்டு சன்னல்களும் அடித்துத் திறந்தன. மேஜைமேல் நோட்டின் தாள்கள் படபடத்தன. வெறும் தூளிகள் எல்லாம் ஒன்றாக ஆடத் தொடங்கின. சார்ஜன் படியிலிருந்து எழுந்து, சிகரெட்டைப் பற்ற வைக்கக் காற்றுக்கு முதுகைக் காட்டி உள்பக்கமாகத் திரும்பினார். தீக்குச்சி பற்றியது. அதை வாயருகே கொண்டுபோனவர், சுவரைப் பார்த்தபடி அப்படியே நின்றார்.

தூளிகள் ஆடிக்கொண்டிருந்தன. அவற்றுக்குப் பக்கத்தில் முப்பது சின்னச் சட்டைகள், ஒன்றுகூட அசையாமல், நேராகத் தொங்கின.